ஞாயிறு எங்கே போகிறோம்?

(குழு: திருவையாறு வீடு)

கார்த்தி: அம்மா, இங்கே தைவான் வந்ததும் முதல் ஞாயிறு ஜியூஃபென் மலை போகலாமா?

அம்மா: படி உண்டா?

கார்த்தி: கொஞ்சம்

பிரியா: ஊரே படிதான் அம்மா

அப்பா: அங்கே கூட்டத்தைத்தான் பார்க்கலாம். தங்கச் சுரங்கம் மூடித் தூங்கிக் கிடந்த ஊர் அது. 1989-இல் இயக்குநர் ஹோ சியாவ்-சியென் அங்கே ‘எ சிட்டி ஆஃப் சேட்னஸ்’ படம் எடுத்தார், வெனிஸ் பட விழாவில் தங்கச் சிங்கம் விருது வாங்கினார், அப்புறம்தான் இத்தனை கூட்டம். தைவானில் அரசு நடத்திய 1947 பிப்ரவரி 28 படுகொலைதான் கதை. அதைப் பற்றி, ராணுவச் சட்டம் 1987-இல் நீங்கும்வரை பொதுவில் வாய் திறக்க முடியாது. கதாநாயகன், ஹாங்காங் நடிகர் டோனி லியுங்குக்குத் தைவான் மொழி வராது. சரி, வாய் பேசாத போட்டோகிராபர் ஆக்கிவிட்டார். அந்த வாய் பேசாதவன்தான் படமே.

சித்தி: சாம்பார் பொடி எத்தனை கிலோ?

கார்த்தி: ரெண்டு

பெரியப்பா: காலை வணக்கம் 🌹 சைனாவில் குளிரா?

பிரியா: தைவான் பெரியப்பா

அப்பா: தெற்கே ஃபெங்ஷான் போவோம். கைக்குழந்தையாகச் சீனாவிலிருந்து வந்து ஹோ வளர்ந்த ஊர். கால்குலேட்டர் விற்றார், உதவியாளராக இருந்தார், அடுத்தவர் படங்களுக்குத் திரைக்கதை எழுதினார். 1980-இல்தான் சொந்தப் படம். 2015-இல் கான்ஸ் பட விழாவில் சிறந்த இயக்குநர் விருது. 1985-இல் நண்பர், இயக்குநர் எட்வர்ட் யாங்கின் ‘தைபே ஸ்டோரி’ படத்துக்காகச் சொந்த வீட்டையே அடகு வைத்து, தானே கதாநாயகனாகவும் நடித்தார். நாலே நாளில் தியேட்டரை விட்டுத் தூக்கிவிட்டார்கள்.

அம்மா: அடகா

அம்மா: என் இரட்டைவடச் சங்கிலி எங்கே போனது, அதையும் சொல்லுங்கள்

சித்தி: 😂 புரொஜெக்டர்

பெரியப்பா: மீட்டுக் கொடுத்தது நான்

அப்பா: பாதிதான் அண்ணா

கார்த்தி: ஞாயிறு??

அப்பா: ஹோ தன் சொந்தக் கதையை எடுத்த படத்தில் ஒரு பாட்டி. சீனாவில் விட்டு வந்த ஊருக்குப் பேரனோடு நடந்தே கிளம்பிவிடுவாள். ஐஸ் கடையில் வழி கேட்பாள். நடுவில் கடல் இருப்பது அவள் கணக்கிலேயே கிடையாது. போகிற வழியில் கொய்யாப்பழம் பறித்து, தூக்கிப் போட்டுப் பிடிப்பாள்.

பிரியா: நம்ம பாட்டி

பெரியப்பா: நேற்றும் அம்மா மஞ்சள் பையோடு வாசலில் நின்றார். பாபநாசத்துக்கு எந்த பஸ் என்று கேட்டார்.

சித்தி: நீங்கள் போகிற பதினைந்து நாள் அத்தையை யார் பார்ப்பது? போன தடவையும் நான்தான்

அம்மா: தனியாகப் பேசலாம் மாலா

சித்தி: எப்போதும் தனியாகத்தான்

பிரியா: அவர் இப்போது என்ன படம் எடுக்கிறார் அப்பா?

அப்பா: 2023-இல் குடும்பத்தார் சொன்னார்கள். அல்சைமர். இனி எடுக்க மாட்டார்.

அப்பா: இந்தச் செய்தி நீக்கப்பட்டது

பெரியப்பா: முதல் வாரம் நான் வந்து இருக்கிறேன்

கார்த்தி: ஃபெங்ஷானுக்கு ரயில் டிக்கெட் போடட்டுமா? ஜியூஃபென் என்றால் சேப்பங்கிழங்கு உருண்டை கிடைக்கும், மழையும் கிடைக்கும்

அம்மா: ஃபெங்ஷானில் படி உண்டா?

சித்தி: பொடி அரைக்கக் கொடுத்தாச்சு. ரெண்டாவது வாரம் யார்?