சமோரா: கோலியாகவும் கோச்சாகவும், மலருக்குச் சில சந்தேகங்கள்

தூத்தூர்க் கரை:

நம்ம பகுதி செவன்ஸ் (ஏழு பேர் கால்பந்து) லீக் நினைவு மலரில் ஸ்பெயினோட பழைய கோலி (கோல்கீப்பர்) ரிக்கார்டோ சமோராவுக்கு ஒரு பக்கம் ஒதுக்கியிருக்கு. சிறந்த கோலிக்கான கோப்பையையும் ஸ்பெயினில் அவர் பேரில் கொடுக்கிற அதே கணக்கில் கொடுக்கலாம்னு முடிவு. அவர் விளையாடின காலம் தெளிவா இருக்கு: 1901-ல் பார்சலோனா நகரத்தில் பிறப்பு, எஸ்பான்யோல், பார்சலோனா, மறுபடி எஸ்பான்யோல், 1930-ல் ரியல் மாட்ரிட், இதெல்லாம் அவர் ஆடின கிளப்கள். கோச் ஆன பிறகுதான் குழப்பம். ஒரு இடத்தில் ரியல் மாட்ரிட்டோட லீக் ஜெயிச்சார்னு இருக்கு, இன்னொரு இடத்தில் அத்லெட்டிகோவோடன்னு இருக்கு, மூணாவதில் 'அவியாசியோன்'னு ஏதோ ஒரு டீம். எதைப் போடுறது? அப்புறம் கோப்பைக் கணக்கு: பத்து டீம், ஆளுக்கு ஒன்பது ஆட்டம், ஆட்டம் 50 நிமிஷம். இதுக்கு எப்படி மாத்துறது?

முட்டம் ஸ்டாப்பர்:

மக்கா, மூணும் சரிதான். கோலியாக 1931–32, 1932–33 ரெண்டு லீக், மாட்ரிட்டோட. கோச்சாக 1939–40, 1940–41 ரெண்டு லீக், அத்லெட்டிகோவோட. ரெண்டு பக்கமும் அடுத்தடுத்த வருஷம் என்பதால்தான் கலந்து எழுதிடுறாங்க.

பேர்களில் கவனம் வேணும். 1931-ல் ஸ்பெயினில் மன்னராட்சி போனதும் 'ரியல்' என்ற அரச பட்டத்தை எடுத்துட்டாங்க. அதனால் அவர் கோலியா ஜெயிச்சப்போ கிளப்பின் பேர் மாட்ரிட் எஃப்.சி. தான், 'ரியல்' திரும்பி வந்தது 1941-ல். அத்லெட்டிகோவோ உள்நாட்டுப் போர் முடிஞ்ச 1939-ல் விமானப்படை டீமோட இணைஞ்சு 'அத்லெடிக் அவியாசியோன்' ஆச்சு. 1941-ல் அது 'அத்லெட்டிகோ அவியாசியோன்'னு மாறிச்சு, 1947 வரைக்கும் அந்தப் பேர்தான். மலரில் அன்றைய பேரைப் போட்டு, கீழே சின்ன எழுத்தில் இன்றைய பேரைக் கொடுத்திடுங்க. இல்லைன்னா வினாடி வினா வைக்கும்போது சண்டை வரும்.

கோச்சாக ஜெயிச்ச அந்த முதல் லீக் கதையையும் விட்டுடாதீங்க. போருக்கு முந்தின 1935–36-ல் அத்லெட்டிகோ கீழ் டிவிஷனுக்கு இறங்கிப்போன டீம். ஓவியேடோ கிளப்பின் மைதானம் போரில் சேதமானதால் அவங்க 1939–40 சீசன் ஆடலை. காலியான ஒரு இடத்துக்கு அத்லெட்டிகோவுக்கும் ஒசாசுனா கிளப்புக்கும் ஒரே ஒரு ஆட்டம் வச்சாங்க. அதை 3–1-ன்னு ஜெயிச்சு உள்ளே வந்து, 22 ஆட்டத்தில் 29 புள்ளி எடுத்து, 28 எடுத்த செவியாவைத் தாண்டி சாம்பியன். அப்போ வெற்றிக்கு ரெண்டு புள்ளிதான். இன்றைய மூணு புள்ளிக் கணக்கில் பார்த்தா எண்ணிக்கை குறைவாத் தெரியும், அதையும் ஒரு வரி சேர்க்கணும். சொந்த மைதானம் மெத்ரோபொலித்தானோவும் போரில் பாழ். கடன் வாங்கின மைதானத்தில் ஆடித்தான் இதெல்லாம். மேசா, அபாரிசியோ ரெண்டு பேரும் பின்வரிசையில், நடுவில் ஹெர்மான், மச்சின். என்னைக் கேட்டா, கோலியா வாங்கின பேரை விட இந்தக் கோப்பைதான் பெரிசு.

கணபதிபுரம் 1:

அத்லெட்டிகோவுக்கு அப்புறம் ஒண்ணும் இல்லைன்னு பல பேர் எழுதுறாங்க, அது தப்பு. 1946-ல் விகோ நகரத்து செல்டா கிளப்புக்குக் கோச்சாப் போனார். விகோ மீன்பிடித் துறைமுகம், நம்ம ஆட்களுக்குச் சொன்னா உடனே புரியும். 1947–48-ல் செல்டா லீக்கில் நாலாவது இடம், ஸ்பெயின் கோப்பை இறுதியாட்டத்தில் செவியாவிடம் 4–1 தோல்வி. அந்த டீமில் இருந்த பாஹின்யோ, மிகெல் முன்யோஸ் ரெண்டு பேரையும் 1948-ல் ரியல் மாட்ரிட் தூக்கிட்டுப் போச்சு. ஆட்டக்காரராகவும் கோச்சாகவும் ஐரோப்பியக் கோப்பை ஜெயிச்ச முதல் மனுஷர் பின்னாளில் இதே முன்யோஸ்தான். சமோரா பிறகு மலகா, 1952-ல் ஸ்பெயின் தேசிய அணிக்குக் கொஞ்ச நாள், 1950-களின் நடுவில் எஸ்பான்யோல்.

படம் தேடும்போது ஜாக்கிரதை. மகன் பேரும் ரிக்கார்டோ சமோரா, அவரும் கோலி. அப்பா 'சமோரா மார்த்தினெஸ்', மகன் 'சமோரா தெ கிராசா'. அம்மா குடும்பப் பேரைப் பார்த்தா பிரிச்சிடலாம்.

நல்ல படம் வேணும்னா 1936 ஜூன் 21, வலென்சியாவில் நடந்த ஸ்பெயின் கோப்பை இறுதியாட்டம். மாட்ரிட் 2, பார்சலோனா 1. கடைசி நேரத்தில் பார்சலோனாவோட எஸ்கோலா அடிச்ச பந்துக்கு சமோரா பாய, காய்ஞ்ச தரையில் புழுதி கிளம்பி கோல் முகமே மறைஞ்சிடுச்சு. கோல்னு நினைச்சுக் கத்தினவங்க உண்டு. புழுதி அடங்கினப்போ பந்து அவர் கையில். சித்திரை வெயிலில் நம்ம கடற்கரை மைதானத்தில் கோலி பாய்ஞ்சா எப்படி இருக்கும்னு தெரிஞ்சவங்களுக்கு விளக்கமே வேண்டாம். அதுக்கு அடுத்த மாசம் போர். அவர் கைதாகி மாட்ரிட் மொதெலோ சிறையில் இருந்து, வெளியே வந்து, பிரான்சில் நீஸ் கிளப்பில் ஆடினார்.

பழைய ஸ்கோர் ஷீட்:

கோப்பைக் கணக்குக்கு வாரேன். சமோரா பேரில் இந்தக் கோப்பையை 1958-ல் தொடங்கினது ஸ்பெயினோட மார்கா விளையாட்டுப் பத்திரிகை. வாங்கின கோலை ஆடின ஆட்டத்தால் வகுக்கணும், யாருக்குக் குறைவோ அவருக்குக் கோப்பை. 38 ஆட்ட லீக்கில் குறைஞ்சது 28 ஆட்டம், ஒவ்வொண்ணிலும் 60 நிமிஷமாவது நின்னிருக்கணும். 2015–16-ல் அத்லெட்டிகோ கோலி ஓப்லாக் 38 ஆட்டத்தில் 18 கோல்தான் வாங்கினார், 0.47.

28/38 என்பது கிட்டத்தட்ட 74 சதவீதம். உங்க ஒன்பதுக்கு 6.6 வரும், ஏழு ஆட்டம்னு வைங்க. 90-க்கு 60-ன்னா மூணில் ரெண்டு பங்கு. 50 நிமிஷத்துக்கு 34 நிமிஷம். இந்த வரம்பை விட்டுட்டா ரெண்டு ஆட்டம் நின்னு கோல் வாங்காத மாற்று கோலி கோப்பையைத் தூக்கிட்டுப் போயிடுவான்.

சிக்கல் வர்ற இடம்: பாதியில் கோலி மாறினா எந்த கோல் யாருக்குன்னு ஷீட்டில் அந்த நிமிஷமே குறிக்கணும், சாயங்காலம் ஞாபகத்தில் எழுதக் கூடாது. எதிர் டீம் வராம 3–0 கொடுத்தா அதைக் கோலாகவும் ஆட்டமாகவும் சேர்க்காதீங்க. டைபிரேக்கர் பெனால்டி கணக்கில் வராது; ஆட்டத்துக்குள்ள பெனால்டி வரும். ஏழு ஆட்டத்தில் 6 கோல்னா 0.86, எட்டில் 7-ன்னா 0.88. வித்தியாசம் இவ்வளவுதான் இருக்கும், அதனால் ரெண்டு தசமம் வரைக்கும் போடணும். சமமா வந்தா அதிக நிமிஷம் நின்னவருக்கு.

தூத்தூர்க் கரை:

பெரிய உபகாரம் அண்ணன்மாரே. சொந்த கோல்? நம்ம ஸ்டாப்பர் (தடுப்பாட்டக்காரர்) காலில் பட்டு உள்ளே போனா?

பழைய ஸ்கோர் ஷீட்:

சேர்த்திடுங்க. பட்டுத் திரும்பினதா, தானா அடிச்சதான்னு பிரிக்க ஆரம்பிச்சா ரெஃப்ரியை வீட்டுக்கு விட மாட்டாங்க. விதியை முதல் ஆட்டத்துக்கு முன்னாலேயே அச்சடிச்சு பத்து மேனேஜரிடமும் கையெழுத்து வாங்கிடுங்க.