சுக்கத்தானி தன் பாடலை விலக்கிக்கொண்டது தணிக்கை ஆகுமா?

நெய்தல்:
இந்தோனேசியாவின் மத்திய ஜாவாவில் உள்ள புர்பலிங்காவைச் சேர்ந்த சுக்கத்தானி, முகமூடி அணிந்தே மேடையேறிய, பங்க் எனும் கலகக்குரல் ராக் இசையைப் பாடும் இருவர் குழு. ஓட்டுநர் உரிமம் எடுப்பது முதல் தொலைந்த பொருளுக்குப் புகார் கொடுப்பது வரை எல்லாவற்றுக்கும் காவலருக்குப் பணம் தரவேண்டிய நிலையைப் பாடிய 'பாயர் பாயர் பாயர்' ('பணம் கொடு, பணம் கொடு, பணம் கொடு') பாடலுக்காக, 2025 பிப்ரவரியில் அவர்கள் முகமூடியைக் கழற்றி, காணொளியில் காவல்துறைத் தலைவரிடம் மன்னிப்புக் கேட்டார்கள். பாடலையும் இணையத் தளங்களிலிருந்து நீக்கினார்கள். இதைத் தணிக்கை என்று சொல்ல ஏன் தயங்க வேண்டும்?

மருதன்:
தயங்குபவர்களில் நானும் ஒருவன். தடை ஆணை எதுவும் பிறப்பிக்கப்படவில்லை. காவல்துறைத் தலைவர் லிஸ்தியோ சிகித் பிரபோவோ, அந்தக் குழுவைக் காவல்துறையின் தூதுவர்களாக இருக்கும்படி அழைக்கவே செய்தார். 1994இல் டெம்போ என்ற செய்தி இதழின் உரிமத்தை அன்றைய அதிபர் சுகார்த்தோவின் அரசு பறித்ததே, அது தணிக்கை. 2022 ஜூலையில், அரசிடம் பதிவு செய்யவில்லை என்று பேபால் (பணப் பரிமாற்றம்), ஸ்டீம் (கணினி விளையாட்டு) போன்ற தளங்களைத் தகவல் தொடர்பு அமைச்சகம் முடக்கியதையும் அதில் சேர்க்கலாம். ஒரு குழு தானே நீக்கியதையும் அதே சொல்லால் குறித்தால், உண்மையான தடைகளின் கனம் குறைந்துபோகும்.

நெய்தல்:
டெம்போவை நீங்களே எடுத்தது நல்லதாயிற்று. அங்கே ஆணை என்று ஒன்று இருந்ததால்தான் அதன் ஆசிரியர் வழக்குத் தொடுத்துக் கீழ் நீதிமன்றங்களில் வெல்ல முடிந்தது. உச்ச நீதிமன்றம் பின்னர் அதை மாற்றியது வேறு கதை. இந்தோனேசியாவின் கிழக்குக் கோடியில் உள்ள பப்புவாவில் 2019இல் இணையத்தை முடக்கியது சட்டவிரோதம் என்று 2020இல் ஜகார்த்தா நிர்வாக நீதிமன்றம் தீர்ப்பளித்ததற்கும் எதிர்க்க ஒரு நடவடிக்கை இருந்ததே காரணம். சுக்கத்தானி எந்த ஆணையை எதிர்த்து நீதிமன்றம் செல்லும்? 2024 ஜூலை முதலே காவல்துறையின் அழுத்தத்துக்கு உள்ளானதாகக் குழுவே பின்னர் அறிவித்தது; தூதுவர் அழைப்பையும் நிராகரித்தது.

மருதன்:
அழுத்தம் இருந்திருந்தால் அது சில அதிகாரிகளின் மிரட்டல். அதை அரசின் கொள்கை என்று கொள்ள முடியாது. அந்த அதிகாரிகளைக் காவல்துறையின் உள் விசாரணைப் பிரிவு விசாரித்தது. நீக்கிய பாடலோ, 'இந்தோனேசியா கெலாப்' ('இருண்ட இந்தோனேசியா') என்ற அரசு எதிர்ப்புப் போராட்டங்களில் தெருவெங்கும் ஒலித்தது.

நெய்தல்:
காவலரைக் காவலரே விசாரித்ததை நான் விசாரணையாகக் கொள்ளவில்லை. பாடல் பிழைத்தது உண்மைதான். ஆனால் குழுவின் பாடகி, அதே மாதத்தில் தன் ஆசிரியர் வேலையை இழந்தார். பள்ளி நிர்வாகம் வேறு காரணம் கூறினாலும், அது நடந்த காலத்தை எண்ணிப் பாருங்கள்.

மருதன்:
அந்த இழப்பு எனக்கும் வேதனை தருகிறது. காவல்துறைக்கு வெளியே உள்ள அமைப்பு ஒன்று இதை விசாரித்திருக்க வேண்டும் என்பதில் உங்களோடு உடன்படுகிறேன்; சொல்லைப் பற்றிய என் கருத்தில் மாற்றமில்லை.