அப்பா யூதர், அம்மா தமிழ். ஓசூரில் பையனை யூதனாக வளர்க்க என்ன செய்யணும்?

ராயக்கோட்டை ரோடு எழுதியது:

வணக்கம். கணவர் கொங்கண் பக்கத்து பெனே இஸ்ரேல் யூதர். நான் தர்மபுரிக்காரி, இந்து. இப்போ ஓசூரில் வாடகை வீடு. பையனுக்கு 11 வயசு முடியப் போகுது. மூணு சந்தேகம் இருக்கு:

அவன் யூதனா இல்லையா? புகுந்த வீட்டில் ஆளுக்கு ஒண்ணு சொல்றாங்க. 13 வயசில் பார் மிட்ஸ்வா (பையன் மத விஷயத்தில் பெரியவனாகிற சடங்கு) செய்யணும்னா பக்கத்தில் ஜெபாலயம் இல்லாத ஊரில் எப்படித் தயார் பண்றது? சாப்பாட்டில் எதை மாத்தணும்? களி, சாம்பார், டேம் மீன் இல்லாம எங்க வீடு ஓடாது. எங்க அம்மா வீட்டு மாரியம்மன் பண்டிகைக்கும் அவன் வந்துட்டுதான் இருக்கான்.

பழைய திண்ணை எழுதியது:

முதல் கேள்விக்கு மட்டும் சொல்றேன் மேடம். உங்க புகுந்த வீட்டில் ரெண்டு பதில் வருதுன்னா ரெண்டுமே தப்பு இல்லை, கேட்கிற இடம்தான் வேற வேற.

ஆர்த்தடாக்ஸ், அதாவது பழைய முறையை அப்படியே கடைப்பிடிக்கிற பிரிவோட சட்டப்படி தாய்வழிதான் கணக்கு. அம்மா யூதர் இல்லைன்னா பிள்ளையும் இல்லை, அப்பா எவ்வளவு ஆசாரமா இருந்தாலும் சரி. அமெரிக்காவில் ரிஃபார்ம்ங்கிற சீர்திருத்தப் பிரிவு ரப்பிகள் (யூத மதகுருக்கள்) 1983-ல் இதை மாத்தினாங்க: பெற்றோரில் ஒருத்தர் யூதரா இருந்து, பிள்ளையும் யூதனா வளர்ந்து அதை வெளிப்படையா காட்டினா ஏத்துக்கலாம்னு. இஸ்ரேல் குடியேற்றச் சட்டம் மூணாவது வழி. 1970 திருத்தத்துக்கு அப்புறம் யூதரோட பிள்ளைக்கும் பேரப்பிள்ளைக்கும் குடியேற உரிமை உண்டு. ஆனா அங்கே கல்யாணத்தைப் பதிவு பண்ற ரப்பிகள் தாய்வழியைத்தான் பார்ப்பாங்க. பாஸ்போர்ட் கிடைச்சவனுக்குக் கல்யாணப் பதிவு கிடைக்காம போறது இதனாலதான்.

பெனே இஸ்ரேலியரே இந்த 'யூதரா இல்லையா' சந்தேகத்தை அனுபவிச்சவங்க. 1964-ல்தான் இஸ்ரேல் அரசு அவங்களை எல்லா வகையிலும் முழு யூதர்கள்னு தெளிவா அறிவிச்சது. அதனால உங்க கணவர் வீட்டுப் பெரியவங்க இந்தப் பேச்சில் கொஞ்சம் சூடாவாங்க, பொறுத்துக்கோங்க.

ஆர்த்தடாக்ஸ் வழி வேணும்னா பையன் மதம் மாறணும். மூணு பேர் கொண்ட பேத் தின் (யூத மத மன்றம்), மிக்வாவில் (சடங்குக் குளம்) முழுக்கு, விருத்தசேதனம். ஆஸ்பத்திரியில் ஏற்கெனவே செஞ்சிருந்தா ஒரு சொட்டு ரத்தம் மட்டும் எடுப்பாங்க. அம்மா மாறாம பிள்ளையை மட்டும் மாத்த நிறைய பேத் தின் ஒத்துக்க மாட்டாங்க, முதல் போன்லயே இதைக் கேட்டுடுங்க. இன்னொரு விஷயம். சின்ன வயசில் மாத்தின பிள்ளை 13 வயசில் "எனக்கு இது வேண்டாம்"னு சொல்லலாம், யூதச் சட்டமே அந்த உரிமையைக் கொடுக்குது. இதைப் பையன்கிட்டே மறைக்கிறது நல்லதில்லை. "நீ யூதன்தான், சந்தேகமே வேண்டாம்"னு சொல்லி வளர்த்து, மும்பை ஜெபாலயத்தில் வேதம் வாசிக்க மேடைக்குக் கூப்பிட மறுக்கும்போது அவன் தெரிஞ்சுக்கிறது ரொம்பக் கொடுமை.

கணக்குப்பிள்ளை எழுதியது:

மேலே சொன்னது முடிவான பிறகு தேதி. ஆங்கிலப் பிறந்தநாளைப் பார்த்து மண்டபம் பேசாதீங்க. எபிரேயத் தேதிப்படிதான் 13 நிறையணும். அந்தக் காலண்டர் நம்ம உகாதிப் பஞ்சாங்கம் மாதிரி: சந்திர மாசம், 19 வருஷத்துக்கு 7 தடவை அதிக மாசம். அதனால ரெண்டு தேதிக்கும் சில வாரம் வித்தியாசம் வரும்.

நாள் தொடங்குறது சூரிய அஸ்தமனத்தில். சாயங்காலம் 7 மணிக்குப் பிறந்த குழந்தைக்கு எபிரேயக் கணக்கில் அடுத்த நாள். பிறப்புச் சான்றிதழில் நேரம் இருக்காது, ஆஸ்பத்திரி டிஸ்சார்ஜ் சம்மரியைத் தேடி எடுங்க. சாதாரண வருஷத்து அதார் மாசத்தில் பிறந்து, 13 முடியற வருஷம் அதிக மாச வருஷமா இருந்தா, ரெண்டாவது அதாரில்தான் நாள்.

தோரா (யூத வேதம்) வாசிப்புக்கு வயசுக்கு வந்த பத்து ஆண்கள் வேணும், ஓசூரில் சேராது. மும்பை, புனேதான். யூதர்களோட ஓய்வுநாளான சனிக்கிழமையை விட்டு ஒரு திங்கள் இல்லை வியாழன் எடுங்க. அன்னைக்கு வாசிக்க மூணு பேரைத்தான் கூப்பிடுவாங்க, ஒவ்வொருத்தருக்கும் குறைஞ்சது மூணு வசனம். புதுசாப் படிக்கிற பையன் தாங்குவான். வண்டியில் போகலாம், போட்டோ எடுக்கலாம், தெஃபிலின் (ஜெபத்தில் கையிலும் நெத்தியிலும் கட்டற வசனப் பெட்டி) கட்டலாம். சனிக்கிழமை இது மூணும் கிடையாது. வாரநாளில் பத்துப் பேர் வருவாங்களான்னு மட்டும் முன்கூட்டியே உறுதி பண்ணிக்கணும்.

படிப்புக்கு 22 எழுத்து, அதில் 5-க்குக் கடைசி வடிவம் தனி. தோராச் சுருளில் உயிரொலி காட்டற புள்ளியும் இருக்காது, ராகக் குறியும் இருக்காது. புத்தகத்தில் புள்ளியோடு பழகிட்டு சுருள் முன்னாடி முழிக்கிறதுதான் வழக்கமா நடக்கிற தப்பு. கடைசி மூணு மாசமாவது புள்ளியில்லாத பிரதியில் படிக்க வைங்க. ஜெபத்தைத் தமிழ் எழுத்தில் எழுதிக் கொடுக்காதீங்க, ப-வும் க-வும் குழம்பிடும். ஓசூர்ப் பையன், கன்னடம் தெரியும்னா அதில் எழுதிக்கட்டும்.

அவரைப்பந்தல் எழுதியது:

அக்கா, சமையலறைக்கு நான்.

கறியை மறந்துடுங்க. முறைப்படி அறுக்கிற யூதர் இங்கே இல்லை, ஹலால் கடைக்கறி அதுக்கு ஈடாகாது. கறியே வரலைன்னா பால்–கறி தனித்தனிப் பாத்திரத் தொல்லையும் இல்லை. மீனுக்குத் துடுப்பும் செதிலும் இருக்கணும். கிருஷ்ணகிரி டேமில் வர்ற கட்லா, ரோகு, ஜிலேபி சரி. கெளுத்தி, விலாங்கு, இறால், நண்டு கூடாது. தோலுரிச்சுத் துண்டு போட்டதை வாங்காதீங்க, என்ன மீன்னே தெரியாது. வெட்டும்போது கொஞ்சம் செதிலை விட்டு வைக்கச் சொல்லுங்க. முட்டையைத் தம்ளரில் உடைச்சு ரத்தப்பொட்டு பார்த்து ஊத்துங்க. காலிஃபிளவர், கீரை உப்புத் தண்ணியில் போட்டு, வெளிச்சத்தில் புழு பார்க்கணும்.

வெள்ளிக்கிழமை அஸ்தமனத்துக்கு 18 நிமிஷம் முன்னாடி ஓய்வுநாள் விளக்கு. ஓசூரில் அஸ்தமனம் நவம்பர் கடைசியில் 5.50 வாக்கில், ஜூலை ஆரம்பத்தில் 6.50 வாக்கில், ஒரே நேரத்தை வருஷம் முழுக்க வெச்சுக்க முடியாது. ஜெபத்துக்கு வைக்கிற ஒயினுக்குப் பதிலா பெனே இஸ்ரேல் வீட்டு வழக்கம் கருந்திராட்சை சர்பத். உலர்திராட்சையைத் தண்ணியில் ஊறப்போட்டு, பிசைஞ்சு வடிகட்டறது. அழுத்தினா சாறு விடற திராட்சையா இருக்கணும், காஞ்சு சுக்கா கிடக்கிறது ஆகாது. நன்றி சொல்ற விசேஷத்துக்கு மலிதா: அவல், வெல்லம், தேங்காய்த் துருவல், ஏலக்காய், மேலே பழங்கள். எலியாகு தீர்க்கதரிசி பேரில் செய்யறது. உங்க கடைவீதியிலேயே எல்லாம் கிடைக்கும்.

அம்மா வீட்டுப் பண்டிகைக்குப் போகலாம். படையலுக்கு வெச்சதை அவன் சாப்பிடக் கூடாது, கிடா கறியும் கூடாது. பொங்கலை இறக்கினதும், படைக்கிறதுக்கு முன்னாடி அவன் பங்கைத் தனியா எடுத்து வைக்கச் சொல்லுங்க, பாட்டியும் வருத்தப்பட மாட்டாங்க. நீங்க கும்பிடறதை விடணும்னு யாரும் சொல்லலை. வீட்டுக்கு வீடு விதி மாறினாத்தான் பையன் குழம்புவான்.

ராயக்கோட்டை ரோடு எழுதியது:

எல்லாருக்கும் நன்றி. பெசாக் (பாஸ்கா பண்டிகை) எட்டு நாளும் புளிச்சது கூடாதுன்னு மாமியார் சொன்னாங்க. அப்போ இட்லியும் கூடாதா? பின்பக்கம் பெங்களூரா மா ஒட்டுக்கன்னு வெச்சிருக்கோம், போன வருஷம் வெச்சது, இப்பவே ரெண்டு காய் பிடிச்சிருக்கு. அதுக்கும் ஏதோ விதி இருக்குன்னாங்க.

அவரைப்பந்தல் எழுதியது:

இட்லி சாப்பிடலாம். விலக்கு கோதுமை, பார்லி, ரை, ஓட்ஸ், ஸ்பெல்ட் இந்த அஞ்சு தானியம் புளிச்சாத்தான். அரிசியும் உளுந்தும் எவ்வளவு பொங்கினாலும் அதில் சேராது. கேழ்வரகும் அஞ்சில் இல்லை. அஷ்கெனாசிகள் (ஐரோப்பிய வழி யூதர்) அரிசி, சிறுதானியம் தொட மாட்டாங்க, பெனே இஸ்ரேலியர் அரிசி சாப்பிடறவங்க. மாட்டிக்கிறது வேற இடத்தில்: மாவு மில். கோதுமை அரைச்ச கல்லில் உங்க கேழ்வரகும் போகும். புடைச்சு, கோதுமை மணி கலக்கலையான்னு பார்த்து, பெசாக்குக்கு முன்னாடியே வீட்டு மிக்ஸியில் அரைச்சு வெச்சுக்கோங்க. மிக்ஸி ஜாரும் அதுக்குன்னு தனியா இருக்கட்டும்.

அடுத்தது பெருங்காயம். கூட்டுப் பெருங்காயத்தில் மைதாவோ கோதுமை மாவோ இருக்கும், டப்பாவைத் திருப்பிப் பாருங்க. அதனால சாம்பார் பொடி, ரசப்பொடி, மாங்காய் ஊறுகாய் எல்லாம் அந்த எட்டு நாள் ஒதுங்கணும். மால்ட் கலந்த சத்துப்பானமும் பார்லிதான்.

மாங்கன்னுக்கு விதி உண்டு. நட்ட முதல் மூணு வருஷக் காய்க்கு ஓர்லான்னு பேரு. சாப்பிடவும் கூடாது, விக்கவும் கூடாது. இஸ்ரேலுக்கு வெளியேயும் இது பொருந்தும். கணக்கு ரோஷ் ஹஷானாவை (யூதப் புத்தாண்டு) வெச்சு. அதுக்கு 44 நாளாவது முன்னாடி நட்டிருந்தா அந்த மிச்ச நாளே ஒரு வருஷமாச் சேரும், பிந்தி நட்டிருந்தா அதுக்கப்புறம் முழுசா மூணு வருஷம். சந்தையில் வாங்கற மாம்பழத்துக்குக் கவலை வேண்டாம், எந்த மரத்துதுன்னு தெரியாத சந்தேகத்துக்கு வெளிநாட்டில் விலக்கு உண்டு. நாலாவது வருஷக் காய்க்குத் தனி முறை இருக்கு, அப்போ ஒரு ரப்பியைக் கேட்டுக்கலாம்.

ஒட்டுக்கன்னு சின்னதிலேயே காய்க்கும். எப்படியும் முதல் ரெண்டு வருஷப் பூவைக் கிள்ளினாத்தான் மரம் தேறும். நட்ட தேதியைப் பையனையே எழுதி வைக்கச் சொல்லுங்க, 44 நாள் கணக்கையும் அவனே போடட்டும். பிடிச்ச ரெண்டு காயைப் பறிச்சுக் குழியில் போட்டு மூடிடுங்க, ஊறுகாய்க்கு எடுத்துடாதீங்க.