நான் இல்லாத வழக்கில் பிரிந்துபோன என் பங்கு

அப்பா 2014இல் உயில் எழுதாமல் காலமானார். அம்மா அதற்கு முன்பே போய்விட்டார். வாரிசுச் சான்றிதழில் இரண்டு அண்ணன்களும் நானும் என மூன்று பேர். 2021இல் வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்தபோதுதான் விஷயம் தெரிந்தது. அப்பா சம்பாதித்து வாங்கிய நிலத்துக்கும் வீட்டுக்கும் அண்ணன்கள் தங்களுக்குள் பாகப்பிரிவினை வழக்கு போட்டு, சமரசமாகி, அதன்படி நீதிமன்றம் கொடுத்த தீர்ப்பாணையை, அதாவது டிக்ரியை, பதிவும் செய்திருந்தார்கள். சான்றிட்ட நகல் வாங்கிப் படித்தேன். வாரிசுகள் இரண்டே பேர் என்றிருந்தது. கூடப் பிறந்தவள் ஒருத்தி இருக்கிறாள் என்று ஒரு வரி இல்லை. அன்று இரவு நான் தூங்கவில்லை.

முதலில் பார்த்த வக்கீல், சமரச டிக்ரியை ரத்து செய்யக் கேட்டுத் தனி வழக்கு போடலாம் என்றார். நல்லவேளை, இன்னொருவரிடமும் காட்டினேன். அவர் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் கட்டளை 23, விதி 3ஏ-வை எடுத்துக் காட்டினார். சமரசம் சட்டப்படி ஆனதல்ல என்ற காரணத்துக்காக டிக்ரியை ரத்து செய்யத் தனி வழக்கு கிடையாது. "அது வழக்கில் இருந்தவர்களுக்குத்தானே?" என்று கேட்டேன். திரிலோகி நாத் சிங் வழக்கில் 2020இல் உச்ச நீதிமன்றம் தரப்பாக இல்லாதவருக்கும் அந்தத் தடையைப் பொருத்திவிட்டது, ஆட்சேபம் இருந்தால் சமரசத்தைப் பதிவு செய்த நீதிமன்றத்துக்கே போக வேண்டும் என்றார்.

அப்படியானால் என் கதி?

"உங்களுக்கு உரிமை யார் வழியாக வருகிறது, அதைச் சொல்லுங்கம்மா" என்றார். திரிலோகி நாத் சிங் வழக்கில் டிக்ரியை எதிர்த்தவர், தரப்பினர் ஒருவரிடம் நிலம் வாங்கியவர். விற்றவருக்கு எந்த அளவு உரிமையோ அதே அளவுதான் அவருக்கும். வழக்கு நடக்கும்போதே மனை வாங்கி மாட்டிக்கொண்ட என் தோழியின் நிலையும் இதுதான். சொத்து மாற்றச் சட்டம் பிரிவு 52 அவளை அந்தத் தீர்ப்போடு கட்டிப்போட்டுவிட்டது. நான் அண்ணன்கள் வழியாக வரவில்லை. இந்து வாரிசுரிமைச் சட்டம் பிரிவு 8இன்படி அப்பாவிடமிருந்து நேராக வருகிறேன்.

அதனால் ரத்து செய்யச் சொல்லிக் கேட்கவில்லை. மூன்றில் ஒரு பங்கு கேட்டுப் பாகப்பிரிவினை வழக்கு போட்டோம். நான் தரப்பாக இல்லாத அந்த டிக்ரி என் பங்கைக் கட்டுப்படுத்தாது என்று அறிவிக்கவும் கேட்டோம். அனுமதி பெற்று மேல்முறையீடு செய்யும் வழியும் இருக்கிறது என்றார் வக்கீல். ஆனால் என் பெயரே இல்லாத ஆவணங்களை வைத்து அங்கே எதைக் காட்டுவது? எனக்குச் சாட்சி சொல்ல ஒரு கூண்டு வேண்டியிருந்தது. அண்ணன்கள் விற்றுவிடக் கூடாது என்று இடைக்காலத் தடையும் அப்புறம் கிடைத்தது.

கல்யாணத்துக்கு நகை போட்டாயிற்று, பங்கு தீர்ந்தது என்று பெரியண்ணன் எதிருரை தாக்கல் செய்தார். குறுக்கு விசாரணையில் எங்கள் வக்கீல் அவரிடம் ஒன்றுதான் கேட்டார்: "தங்கச்சி தன் பங்கை விட்டுக்கொடுத்து எழுதிக் கொடுத்த விடுதலைப் பத்திரம் இருக்கிறதா?"

அண்ணன் என்னைப் பார்க்காமல், "இல்லை" என்றார்.