மூன்று நிற வெடிப்புகள்: விளையாட்டின் முடிவு ஆடுபவர் கையில் இருக்கிறதா?

பாலக்கோட்டான்:

மாஸ் எஃபெக்ட் என்ற விண்வெளிக் கணினி விளையாட்டுத் தொடரின் மூன்று பாகங்களையும் வரிசையாக ஆடிச் சென்ற வாரம்தான் முடித்தேன். 2007, 2010, 2012 ஆகிய ஆண்டுகளில் வந்தவை என்பதால், கதையை வெளிப்படையாகச் சொல்வதில் யாருக்கும் வருத்தம் இருக்காது என்று நினைக்கிறேன். படைத்தலைவர் ஷெப்பர்டாக நாம் செய்யும் தேர்வுகள் ஒரு பாகத்தின் ஆட்டத்தைச் சேமித்து வைக்கும் சேவ் கோப்பிலிருந்து அடுத்த பாகத்திற்குப் போகும். யாரைக் காப்பாற்றினோம், எந்த இனத்தோடு பகைத்துக்கொண்டோம் என்பதெல்லாம் நினைவில் வைக்கப்படும். இத்தொடர் நமக்குக் கொடுத்த பெரிய வாக்குறுதி இதுதான். ஆனால், கடைசியில் நடப்பது என்ன? சிறுவன் உருவில் வரும் ஓர் இயந்திர அறிவு மூன்று வழிகளைக் காட்டுகிறது: உயிரினங்களை அழிக்க வந்த ராட்சத இயந்திரங்களான ரீப்பர்களை அழிக்கலாம், அவற்றைக் கட்டுப்படுத்தலாம், அல்லது உயிரையும் இயந்திரத்தையும் ஒன்றாகக் கலந்துவிடலாம். 2012 மார்ச்சில் வந்த மூல வடிவில், எதைத் தேர்ந்தெடுத்தாலும் ஏறக்குறைய ஒரே காட்சிதான். வெடிப்பு மட்டும் சிவப்பு, நீலம், பச்சை என்று நிறம் மாறும். ரசிகர்கள் கொதித்தெழுந்த பிறகு, அதே ஆண்டு ஜூனில் இலவச விரிவாக்கம் ஒன்றை வெளியிட்டு, விளக்கக் காட்சிகளையும், மூன்றையும் மறுக்கும் நான்காவது வழியையும் சேர்த்தார்கள்.

இது ஒரு விளையாட்டின் குறை மட்டுமன்று. 2000இல் வந்த டியூஸ் எக்ஸில், கடைசித் தளத்தில் நின்றபடி மூன்று முடிவுகளில் ஒன்றை எடுத்துக்கொள்ளலாம். அதற்கு முன் ஒரு சேவ் போட்டு வைத்தால் ஒரே மாலையில் மூன்றையும் பார்த்துவிடலாம். அதே தொடரில் 2011இல் வந்த ஹியூமன் ரெவல்யூஷனிலோ பொத்தான்களையே வரிசையாக வைத்துவிட்டார்கள். ஆகவே, பல முடிவுகள் என்பது அட்டையில் அச்சிடுவதற்கான பேச்சே தவிர, முடிவைத் தீர்மானிப்பது கடைசி அறைதான்; அதுவரை ஆடிய ஆட்டம் அன்று என்பது என் வாதம். மறுப்பவர்கள் காரணத்தோடு மறுக்கவும்.

ஓசூர் இரவுப்பணி:

காரணத்தோடே மறுக்கிறேன். முடிவு என்றால் கடைசிப் பத்து நிமிடம் என்று நீங்களே வரையறுத்துக்கொண்டு, அந்தப் பத்து நிமிடத்தில் ஒன்றும் இல்லை என்கிறீர்கள். மூன்றாம் பாகம் முழுவதுமே ஒரு முடிவுதான் என்று பாருங்கள், கணக்கு மாறிவிடும்.

டுசாங்கா கோளில் நடப்பதை எடுத்துக்கொள்வோம். முதல் பாகத்தில், விர்மையர் கடற்கரையில், உங்கள் கூட்டாளி ரெக்ஸ் துப்பாக்கியோடு உங்கள் முன் நிற்கிறான். தன் இனத்தின் மலட்டு நோய்க்கான மருந்து அழிக்கப்படப் போகிறது என்ற கோபம் அவனுக்கு. அதற்கு முன்பே அவனுடைய குடும்பக் கவசத்தைத் தேடி எடுத்துக் கொடுத்திருந்தால், பேச்சுத் திறமைக்கான புள்ளிகள் இல்லாவிட்டாலும் அவனைச் சமாதானப்படுத்தலாம். இல்லையென்றால் அவன் அங்கேயே சாகக்கூடும். அவன் இறந்திருந்தால், ஐந்தாண்டு கழித்து வந்த மூன்றாம் பாகத்தில் அவன் இனத்துக்கு ரீவ் என்ற முரடன் தலைவனாக இருப்பான். இரண்டாம் பாகத்தில், அந்த நோய்க்கு மருந்து தேடிய மேலனின் ஆய்வுத் தரவுகளை அழித்திருந்தால், ரெக்ஸின் இனத்துப் பெண்ணான ஈவ் மூன்றாம் பாகத்தில் பிழைக்கமாட்டாள். இவை இரண்டும் சேர்ந்து நடந்திருந்தால் மட்டுமே, மருந்தைப் பரப்பக் கோபுரத்தில் ஏறிச் சாகவிருக்கும் மருத்துவர் மோர்டினைப் பேசித் தடுத்து உயிரோடு அனுப்ப முடியும். அதாவது, நல்லவர்கள் இருவரையும் இழந்தவனுக்குத்தான் மோர்டின் கிடைக்கிறார். இந்த வினோதமான நியாயத்தை எந்தக் கடைசி அறைப் பொத்தான் தந்துவிடும்? ரன்னாக் கோளில் கெத் என்ற இயந்திர இனம், அதைப் படைத்த குவாரியன் இனம் ஆகிய இரு தரப்புக்கும் சமாதானம் செய்துவைக்கும் வாய்ப்பும் அப்படித்தான். முந்தைய பாகத்தின் இறுதித் தாக்குதலிலிருந்து குவாரியன் கூட்டாளி டாலியும் கெத் கூட்டாளி லீஜியனும் உயிரோடு திரும்பாதவர்களுக்கு அது கிடைப்பதே இல்லை.

நீங்கள் இதையெல்லாம் ஆடிக் கடந்துவிட்டு, நிறத்தை மட்டும் நினைவில் வைத்திருக்கிறீர்கள்.

படுகளம்:

இருவருமே, முடிவு மாறினால்தான் தேர்வுக்கு மதிப்பு என்று ஒப்புக்கொண்டு பேசுகிறீர்கள். அங்கேதான் எனக்கு உடன்பாடில்லை. தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கத்துத் திரௌபதியம்மன் கோயில்களில் பாரதக் கூத்து பார்த்தவர்கள் நாம். கடைசி நாள் காலையில், மண்ணால் செய்து கிடத்திய துரியோதனன் தொடை பிளக்கப்பட்டுச் சாவான் என்பது களத்தில் உட்கார்ந்திருக்கும் சிறு பிள்ளைக்கும் தெரியும். எந்த ஆண்டும் அவன் பிழைத்ததில்லை. அதற்காக, விடிய விடிய உட்கார்ந்து பார்ப்பதை யாரும் வீண் என்று சொன்னதில்லை.

விளையாட்டிலும் இதற்குச் சான்று உண்டு. 2015இல் வந்த சோமாவில், கடலடி ஆய்வுக்கூடத்தில், உயிர் காக்கும் கருவியோடு பிணைந்து கிடக்கும் கடைசி மனிதப் பெண் தன்னை நிறுத்திவிடும்படி கேட்கிறாள். நிறுத்தினாலும் நிறுத்தாவிட்டாலும் கதையின் முடிவில் ஓர் அணுவும் மாறாது. புள்ளி இல்லை, பரிசு இல்லை, பின்னால் யாரும் உங்களைக் கேட்கப்போவதும் இல்லை. நான் அந்தப் பெண்ணின் அருகில் நெடுநேரம் நின்றேன். முடிவை மாற்றாத அந்தத் தேர்வு, மாஸ் எஃபெக்டின் அத்தனை கணக்குகளையும்விட எனக்குக் கனமாக இருந்தது.

பாலக்கோட்டான்:

ஐயா, கூத்தின் மீது எனக்கும் மதிப்பு உண்டு. ஆனால், எந்தக் கட்டியங்காரனும் நம்மிடம் வந்து, "துரியோதனன் பிழைக்க வேண்டுமா, சாக வேண்டுமா, நீங்களே சொல்லுங்கள்" என்று கேட்பதில்லை. கேட்காத ஒன்றைக் கொடுக்காததில் குற்றமில்லை. என் குற்றச்சாட்டு, கேட்டுவிட்டுக் கொடுக்காதவர்கள் மீது. முடிவை மாற்ற வேண்டுமா என்று சோமா கேட்கவே இல்லை. அதனால் அது நேர்மையான விளையாட்டு.

கேட்டுவிட்டு ஏமாற்றியதற்கு இன்னொரு சான்று, 2008இல் வந்த ஃபால்அவுட் 3. இறுதியில், கதிர்வீச்சு நிறைந்த அறைக்குள் யாராவது ஒருவர் போய் எண்களை அழுத்த வேண்டும், போனவர் சாவார். என் பக்கத்தில் துணைவன் ஃபாக்ஸ் நிற்கிறான். கதிர்வீச்சு அவனை ஒன்றும் செய்யாது. முன்பு அதே போன்ற ஓர் அறைக்குள் எனக்காகப் போனவனும் அவன்தான். இப்போது போகச் சொன்னால், இது உன் விதி, நான் குறுக்கே வரமாட்டேன் என்கிற பொருளில் மறுத்துவிடுகிறான். எழுதியவருக்குத் தியாகக் காட்சி வேண்டும் என்பதற்காக, பாத்திரம் திடீரென்று புத்தி கெட்டுப் போகிறது. 2009இல் விலைக்கு விற்ற கூடுதல் பாகத்தில்தான் ஃபாக்ஸ் உள்ளே போக ஒப்புக்கொண்டான். முடிவைத் திருத்திக் கொடுப்பதற்கும் காசு.

காவேரிப்பட்டணம் கணக்கு டீச்சர்:

கணக்கைப் பார்த்துவிட்டுக் கோபப்படுவோம். இரண்டு வழியுள்ள தேர்வு பத்து வந்தால், பாதைகள் 1,024. ஒவ்வொரு பாதைக்கும் தனித்தனியாகக் காட்சி வரைந்து, குரல் பதிவு செய்து, பிழை சோதித்து வெளியிட எந்த நிறுவனத்தாலும் முடியாது. ஆடுபவரோ அவற்றில் ஒன்றைத்தான் பார்ப்பார். அதனால்தான் எல்லாக் கிளைகளையும் சிறிது தூரம் விட்டு, மறுபடி ஒரே தண்டில் சேர்த்துவிடுகிறார்கள். பாலக்கோட்டுத் தம்பி சொல்லும் கடைசி அறை, சோம்பலால் மட்டும் வந்ததன்று. பெருக்கலுக்குப் பயந்து கட்டிய அறை.

பெருக்கலைக் கூட்டலாக்கிக் காட்டிய விளையாட்டும் இருக்கிறது. 1997இல் வந்த முதல் ஃபால்அவுட்டின் இறுதியில், நீங்கள் கடந்துவந்த ஊர்கள் ஒவ்வொன்றும் என்ன ஆயிற்று என்று ஒரு படமும் சில வரிகளும் வரும். ஜங்க்டவுனில் சூதாட்ட விடுதிக்கார கிஸ்மோவோடு சேர்ந்தீர்களா, கில்லியனோடு சேர்ந்தீர்களா என்பதைப் பொறுத்து அந்த ஊரின் படம் மட்டும் மாறும். மற்ற ஊர்களைத் தொடாது. பத்து ஊர், ஊருக்கு இரண்டு கதி என்று வைத்தால், செய்ய வேண்டிய படங்கள் இருபதுதான். கிடைக்கும் தொகுப்புகளோ அதே 1,024. 2010இல் வந்த நியூ வேகஸிலும் இதே முறையைத்தான் கையாண்டார்கள். எனக்குத் தெரிந்து, இத்துறையில் இதைவிடச் சிக்கனமான யோசனை வந்ததில்லை.

பாலக்கோட்டான்:

சிக்கனம் என்பதை ஏற்கிறேன், டீச்சர். ஆனால், படம் போட்டுச் சொல்வது வேறு, ஆடிப் பார்ப்பது வேறு. தேர்வு என் கையில் இருந்தது. அதன் விளைவு மட்டும் எவரோ வாசிக்கும் அறிக்கையாகிவிடுகிறது.

அரூர் மாணவன்:

அண்ணன்மார்கள் ஒன்றை விட்டுவிட்டீர்கள். எந்தத் தேர்வு கணக்கில் சேர்கிறது என்பதே ஆடுபவருக்குத் தெரியாதபோது, அதை எப்படித் தேர்வு என்பது? சைபர்பங்க் 2077இல் ஒரு மறைமுக முடிவு உண்டு. எண்ணெய் வயலில் ஜானி என்ற பாத்திரத்தின் புதைகுழி அருகே நடக்கும் உரையாடலில் குறிப்பிட்ட பதில்களைச் சொல்லியிருக்க வேண்டும்; பிறகு, கடைசியில் மொட்டை மாடியில் உட்கார்ந்து, திரையில் இருக்கும் வழிகள் எதையும் அழுத்தாமல் சில நிமிடங்கள் சும்மா இருக்க வேண்டும். இணையத்தில் படிக்காமல் இதைக் கண்டுபிடிப்பவர் எத்தனை பேர்? மாஸ் எஃபெக்ட் 2இலும், கப்பல் ஊழியர்கள் கடத்தப்பட்ட பிறகு நான் துணைப் பணிகளை முடித்துக்கொண்டு நிதானமாகப் போனேன். மருத்துவர் ஒருவரைத் தவிர அத்தனை பேரும் செத்துக் கிடந்தார்கள். நான் அவர்களைச் சாகவிடத் தேர்ந்தெடுக்கவே இல்லையே! 2018இல் வந்த டெட்ராய்ட், அத்தியாயம் முடிந்ததும் கிளைப்படம் காட்டி, போகாத வழிகள் எங்கே இருக்கின்றன, மற்றவர்களில் எத்தனை விழுக்காட்டினர் எந்த வழியில் போனார்கள் என்பதையும் சொல்கிறது. அதுதான் நியாயம்.

ஓசூர் இரவுப்பணி:

தம்பி, சைபர்பங்க் மொட்டை மாடியைப் பற்றிச் சொன்னது சரி. அது விடுகதை, தேர்வு அன்று. ஆனால், மாஸ் எஃபெக்ட் 2 உன்னிடம் எதையும் மறைக்கவில்லை. ஆட்களைப் பிடித்துக்கொண்டு போய்விட்டார்கள், நேரமில்லை என்று கதை உன் முகத்துக்கு நேரே சொல்லிற்று. எல்லா விளையாட்டுகளும் அவசரம் என்று சொல்லிவிட்டு நமக்காகக் காத்திருந்து பழக்கிவிட்டதால், நீ அதை நம்பவில்லை. உடனே போனவருக்கு அனைவரும் பிழைத்தார்கள். ஓரிரு பணிகள் முடித்துவிட்டுப் போனவருக்குப் பாதிப் பேர். கப்பலுக்குக் கனத்த கவசம் பூட்டாமல் போனால், வழியிலேயே கூட்டாளி ஜாக் சாகிறாள். கவசத்தை வாங்கும்படி இன்னொரு கூட்டாளி ஜேக்கப் முன்பே சொல்லியிருப்பான். மெனுவில் இரண்டு பொத்தான் காட்டி, அதிலொன்றை அழுத்துவது மட்டுமே தேர்வு என்றால், நான் சொல்வதில் பாதியைக்கூட நீ தேர்வாக எண்ணமாட்டாய்.

டெட்ராய்டின் கிளைப்படம் எனக்குப் பிடிக்கவில்லை. அதன் நாயகர்களில் ஒருவனான கானரின் கையால் ஒருவர் செத்த அடுத்த நொடியே விழுக்காடு காட்டினால், மனம் துக்கத்தை விட்டுவிட்டுத் தேர்வு முடிவு பார்க்கும் மாணவனைப் போல ஆகிவிடுகிறது.

பாலக்கோட்டான்:

சரி, கடைசியாக ஒன்று. முடிவுகள் உண்மையிலேயே ஆடுபவருடையவை என்றால், அடுத்த பாகம் வரும்போது அவற்றுக்கு மரியாதை இருக்க வேண்டும். 2003இல் வந்த டியூஸ் எக்ஸின் தொடர்ச்சி, முதல் பாகத்தின் மூன்று முடிவுகளையும் ஒன்றாகக் கலந்து, எல்லாமே நடந்தது என்று சொல்லிவிட்டது. மாஸ் எஃபெக்ட் இன்னும் சாமர்த்தியம்: 2017இல் வந்த ஆண்ட்ராமெடா, மூன்றாம் பாகத்துப் போர் தொடங்குமுன்பே கிளம்பிவிட்ட கப்பல்களில் கதையை ஏற்றி, அறுநூறு ஆண்டுகளுக்கும் மேல் தூங்கவைத்து, வேறொரு பால்வெளிக்குக் கொண்டுபோய் இறக்கியது. எந்த நிறத்தை ஏற்பது என்று தீர்மானிக்காமல் தப்பிக்கத்தானே அத்தனை தூரப் பயணம்?

ஓசூர் இரவுப்பணி:

தப்பித்தார்கள் என்றே வைத்துக்கொள்வோம். மூன்றும் நிறம் மட்டும் மாறிய ஒரே முடிவு என்றால், எதற்காக வேறு பால்வெளிக்கு ஓட வேண்டும்? அங்கேயே அடுத்த கதையை எழுதியிருக்கலாமே! ரீப்பர்கள் அழிந்த உலகமும், ரீப்பர்கள் காவல் காக்கும் உலகமும், ஒவ்வொரு உடலிலும் இயந்திரம் கலந்துவிட்ட உலகமும் ஒரே கதைக்குள் அடங்காத அளவுக்கு வேறுபட்டவை என்பதால்தானே ஓடினார்கள்?

பாலக்கோட்டான்:

எழுதியவர்களின் தலைக்குள் வேறுபட்டிருந்தன; மறுக்கவில்லை. எனக்குத் திரையில் காட்டியது மூன்று நிறம்.