தம்பிக்கு எச்-1பி 6 வருடம் முடிகிறது, திரும்பி வந்துதான் ஆக வேண்டுமா?

மன்னார்குடிக்காரன்:
தம்பி அமெரிக்காவில், டல்லாஸில் எச்-1பி என்கிற வேலை விசாவில் இருக்கிறான். முதலில் 3 வருடம், அப்புறம் 3 வருடம். வரும் தையோடு முடிகிறது. அவன் வந்தால் தங்க மாடியில் ஒரு அறை எடுக்கலாம் என்று குறுவை அறுத்த காசில் செங்கல் இறக்கிவிட்டேன். அம்மா தினமும் வாசலில் நின்று அதை எண்ணுகிறார். 6 வருடம்தான் கடைசியா?

கும்பகோணத்தான்:
பொது வரம்பு அதுதான். ஆனால் அங்கேயே நிரந்தரமாகத் தங்குவதற்கான கிரீன் கார்டுக்காக கம்பெனி போட்ட ஐ-140 மனு ஒப்புதலாகி, வரிசையில் தேதி வராமல் காத்திருந்தால், மூன்று மூன்று வருடமாக நீட்டிக்கலாம். மனு போட்டார்களா என்று முதலில் கேளுங்கள்.

திருவையாறு:
அமெரிக்காவுக்கு வெளியே இருந்த முழு நாட்களையும் அந்த 6 வருடக் கணக்கிலிருந்து கழிக்கலாம். அக்கா கல்யாணம், அப்பா காரியம் என்று நான் ஊரில் இருந்த 74 நாளை, பாஸ்போர்ட் முத்திரையைக் காட்டித் திரும்ப வாங்கினேன். போர்டிங் பாஸைத் தூக்கிப் போட வேண்டாம் என்று சொல்லுங்கள்.

மன்னார்குடிக்காரன்:
இப்போதுதான் பேசினேன். ஐ-140 போன ஐப்பசியிலேயே ஒப்புதலாகிவிட்டதாம், கழுதை சொல்லவே இல்லை! சரி, செங்கல் வந்தது வந்ததுதான், கொத்தனாரை வரச் சொல்லிவிட்டேன். அம்மாவிடம் இன்னும் சொல்லவில்லை.