ஒளியைச் சுவையாக உணரும் உயிர்கள்: இரட்டை விண்மீன் உலகுக்கு அறிவியல் அடிப்படை உண்டா?

வான்தச்சன் கேட்டது:

நான் எழுதிவரும் அறிவியல் புனைகதை, இரட்டை விண்மீன்களுள் ஒன்றைச் சுற்றும் கோளில் நடக்கிறது. அங்குள்ள உயிர்களுக்குக் கண் கிடையாது. மேலே விழும் ஒளியை அவை சுவையாகவே உணர்கின்றன. ஆல்பா சென்டாரியின் அமைப்பை முன்மாதிரியாகக் கொண்டிருக்கிறேன்: சூரியனை ஒத்த விண்மீன் ஒன்று, அதைவிடச் சற்றே குளிர்ந்த துணை ஒன்று. சிவப்புக்கு இனிப்பு, நீலத்துக்குப் புளிப்பு என்று பட்டியல் போடுவது எளிது. ஆனால் அது நிறத்தின் பெயரை எடுத்துவிட்டுச் சுவையின் பெயரை வைப்பதாகவே முடியும். ஒளி ஏன் சுவைக்க வேண்டும் என்பதற்கு அந்த உடலுக்குள்ளேயே ஒரு காரணம் வேண்டும். உயிரியலும் வானியலும் அறிந்த நண்பர்கள் வழிகாட்ட வேண்டுகிறேன்.

நூற்புழு எழுதியது:

காரணம் நம் காலடி மண்ணிலேயே இருக்கிறது. சீனோராப்டிடிஸ் எலிகன்ஸ் என்னும் புழு ஒரு மில்லிமீட்டர் நீளமே உடையது, கண்ணில்லாதது, ஆனாலும் புறஊதா ஒளியோ நீல ஒளியோ பட்டவுடன் விலகிச் செல்கிறது. அதற்குத் துணைபுரியும் லைட்-1 என்ற புரதம், பூச்சிகளின் சுவை ஏற்பிகளோடு (சுவையை உணரும் புரதங்களோடு) ஒரே குடும்பத்தைச் சேர்ந்தது. மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தின் ஹார்விட்ஸ் ஆய்வகம் 2015-இல் வெளியிட்ட ஆய்வு உங்கள் கதைக்கு இன்னும் நெருக்கமானது: இரை உண்ணும் புழுவின் மீது ஒளி பட்டால் அது உண்பதை நிறுத்துகிறது, ஹைட்ரஜன் பெராக்சைடு என்ற வேதிப்பொருள் பட்டாலும் நிறுத்துகிறது, இரண்டுக்கும் சுவை ஏற்பிக் குடும்பத்துப் புரதங்களே தேவைப்படுகின்றன. ஒளி அந்த வேதிப்பொருளை உண்டாக்க, புழு அதைச் சுவைத்து அறிகிறது என்பது ஆய்வாளர்களின் விளக்கம். வாய்க்குள் போனதை அது துப்பிவிடுவதும் உண்டு.

ஆகவே உங்கள் உயிர்களின் தோல்மேல் மெல்லிய நீர்ப்படலம் இருக்கட்டும். ஒளி அதில் எதை உண்டாக்குகிறதோ அதுவே சுவையாகட்டும். அப்போது சுவைக்குத் தாமதமும் வந்துசேரும். வெயிலிலிருந்து நிழலுக்குள் போன பிறகும், உண்டான பொருள் சிதைந்து தீரும்வரை, வெயிலின் கைப்பு தோலில் தங்கியிருக்கும். கண்ணால் பார்க்கும் நமக்கு இல்லாத இந்த அனுபவத்திலிருந்துதான் கதையின் மொழி பிறக்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம்.

கோள்நோக்கி எழுதியது:

மேலே சொன்னது சரியென்றால், நிறத்தைவிட ஒளியில் புறஊதாவும் நீலமும் எவ்வளவு என்பதே முக்கியம். சூரியனை ஒத்த விண்மீனான ஆல்பா சென்டாரி ஏ-யின் மேற்பரப்பு வெப்பநிலை ஏறத்தாழ 5,800 கெல்வின். துணையான பி-யினுடையது 5,200 கெல்வினை ஒட்டியது. எனவே துணையின் ஒளியில் கைப்பு குறைவாக இருக்கும். காலையிலும் மாலையிலும் ஒளி காற்றில் நெடுந்தொலைவு கடந்து வருவதால் குறுகிய அலைநீளங்கள் சிதறிப்போகும். கைப்பு மட்டுப்பட்ட இளவெயிலை அவ்வுயிர்கள் விரும்பித் தேடலாம்.

நீங்கள் தவறவிடக் கூடாத செய்தி ஒன்று உண்டு. இவ்விரு விண்மீன்களும் ஏறத்தாழ 80 ஆண்டுகளுக்கு ஒருமுறை ஒன்றையொன்று சுற்றிவருகின்றன. அவற்றின் இடைவெளி, பூமிக்கும் சூரியனுக்கும் உள்ள தொலைவைப்போல் 11 மடங்கிலிருந்து 36 மடங்குவரை மாறுகிறது. ஏ-யைச் சுற்றும் கோளில் துணையின் ஒளி இதனால் பத்து மடங்களவு கூடிக்குறையும். பகலில் அது பொருட்டாக இராது, ஏனெனில் மிக அருகில் வரும்போதும் அது ஏ தரும் ஒளியில் நூறில் ஒரு பங்கைக்கூட எட்டாது. ஆனால் அவ்வாறு அருகில் வந்திருக்கும் காலத்தில், துணை மட்டும் எழுந்திருக்கும் இரவு, நம் முழுநிலவு இரவைவிட ஆயிரம் மடங்குக்கு மேல் ஒளிமிக்கதாக இருக்கும். ஒரு தலைமுறை நாவாரச் சுவைத்த இரவுகளை அடுத்த தலைமுறை மங்கலாகவே அறியும்.

மிளகுக்கொடி எழுதியது:

கார்ப்பையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அறுசுவையுள் ஒன்றாக நாம் எண்ணும் கார்ப்பை உடலியலார் அடிப்படைச் சுவையாகக் கொள்வதில்லை. மிளகாயின் காரத்துக்கும் 43 பாகை செல்சியசைத் தாண்டும் வெப்பத்துக்கும் டிஆர்பிவி1 என்ற ஒரே ஏற்பிதான் கிளர்கிறது. 1997-இல் அதைக் கண்டறிந்த குழுவின் தலைவர் டேவிட் ஜூலியஸ் 2021-இல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார். வெயிலின் சூடு இவ்வழியே நேரடியாகக் கார்ப்பாகலாம். சூடு முதலில் உறைக்கும், கைப்பு பின்னால் ஊறிவரும்.

வான்தச்சன் எழுதியது:

மூவருக்கும் என் மனமார்ந்த நன்றி. துணை விண்மீன் மிக அருகில் வந்திருக்கும் ஓர் இரவில் கதையைத் தொடங்குகிறேன். ஓர் ஐயம் மட்டும் எஞ்சுகிறது: சுவையைக் கொண்டு ஒளி வரும் திசையை அறிய முடியுமா?

நூற்புழு எழுதியது:

ஓரிடத்துச் சுவையைக் கொண்டு அறிய முடியாது. ஆனால் உடல் முழுவதும் ஏற்பிகள் இருந்தால், முதுகில் கைப்பு, வயிற்றில் இல்லை என்ற வேறுபாடே திசையைச் சொல்லிவிடும். உடலைத் திருப்பித் திருப்பிப் பார்த்தும் அறியலாம். அதனால் அவர்கள் நடக்கும்போது மெல்லச் சுழன்றுகொண்டே நடப்பதாக எழுதுங்கள்.